தாளக் களம்: வேண்டாத மோடு கண்ணில் படாமல் இருக்க

போன இதழில் ஓசு! விளையாட்டைப் பற்றி நாலு வரி எழுதியிருந்தேன். வந்த கடிதங்களைப் பிரித்தால் முக்கால்வாசி ஒரே கேள்வி: "நான் விளையாடாத மோடுகள் என் பாட்டுப் பட்டியலில் வந்து நிற்கின்றன, எப்படி மறைப்பது?" சரி, இந்த இதழ் முழுக்க அதற்கே.

புதிதாகப் படிப்பவர்களுக்கு இரண்டு வார்த்தை. ஓசு! என்பது 2007-இல் டீன் ஹெர்பர்ட் வெளியிட்ட இலவசத் தாள விளையாட்டு. உள்ளே நான்கு மோடுகள், அதாவது நான்கு ஆட்டவகைகள். ஸ்டாண்டர்டில், திரையில் அங்கங்கே தோன்றும் வட்டங்களைத் தாளம் விழும் நொடியில் தட்ட வேண்டும். டைக்கோவில் சிவப்பும் நீலமுமாக முரசடிகள் வரிசையில் வரும். கேட்சில் மேலிருந்து விழும் பழங்களைத் தட்டில் பிடிக்க வேண்டும். 2012-இல் சேர்ந்த மேனியாவில், நெடுவரிசைகளில் இறங்கி வரும் கட்டைகளை அதற்குரிய விசையால் அடிக்க வேண்டும். ஒரு பாட்டுக்கு ஆட்டக்காரர்களே உருவாக்கும் கோப்புதான் மேப். ஒரே பாட்டின் பல மேப்கள் சேர்ந்தது ஒரு செட். பழைய பதிப்பை ஸ்டேபிள் என்றும் புதியதை லேசர் என்றும் சொல்வார்கள். இவ்வளவு போதும்.

கேள்வி: ஸ்டேபிளில் ஸ்டாண்டர்டு மட்டும்தான் விளையாடுகிறேன். நண்பன் அவனுடைய பாட்டுத் தொகுப்பை அப்படியே கொடுத்தான். அதிலிருந்து பட்டியலில் மேனியா மேப்களாகக் கிடக்கின்றன. தெரியாமல் ஒன்றைத் தட்டினால் நாலு விசை ஆட்டம் திறந்துகொள்கிறது. எல்லாவற்றையும் அழித்துவிடட்டுமா?

அழிக்காதீர்கள். தேடல் பெட்டியில் முடிகிற வேலைக்குக் கோப்பைத் தொடவே கூடாது. ஏன் என்று கொஞ்சம் கீழே என் கதையையே சொல்கிறேன்.

முதலில் நடப்பது என்னவென்று பாருங்கள். ஸ்டேபிளில் ஸ்டாண்டர்டு மோடில் இருக்கும்போது பட்டியல் எதையும் வடிகட்டுவதில்லை. டைக்கோவுக்கென்றே செய்த மேப், மேனியாவுக்கென்றே செய்த மேப் எல்லாம் சேர்ந்தே வரும். நீங்கள் அதைத் தேர்ந்தெடுத்தால் அதற்குரிய மோடில் திறக்கும். இது பழுதில்லை, அப்படித்தான் அமைத்திருக்கிறார்கள்.

இதற்கு மருந்து தேடல் பெட்டி. பாட்டுத் தேர்வுத் திரையில் எங்கேயும் சொடுக்கத் தேவையில்லை, தட்டச்சு செய்ய ஆரம்பித்தாலே எழுத்து அங்கே போய் விழும். 'மோட்' என்ற சொல், ஒட்டினாற்போல் ஒரு சமக்குறி, அதை ஒட்டி 'ஓசு'. ஆங்கில எழுத்தில், நடுவில் இடைவெளி விடாமல். அவ்வளவுதான். மற்ற மூன்று மோடுகளும் பட்டியலிலிருந்து போய்விடும். முழுப் பெயரைக்கூட எழுத வேண்டாம், மோடின் முதல் எழுத்து ஒன்றே போதும்.

இதோடு வேறு நிபந்தனைகளையும் இடைவெளி விட்டுச் சேர்க்கலாம் என்பதுதான் இதன் அருமை. நான் வழக்கமாகக் கை சூடேற்றும்போது மோடு நிபந்தனையை எழுதி, அதன் பக்கத்தில் 'ஸ்டார்ஸ்' (மேப் எவ்வளவு கடினம் என்று சொல்லும் எண்) 4-க்கு மேல், 'ஸ்டார்ஸ்' 5-க்குக் கீழ், 'லெங்த்' 120-க்குக் கீழ் என்று போடுவேன். நீளம் நொடிக் கணக்கு, அதனால் 120 என்றால் இரண்டு நிமிடம். ஆயிரக்கணக்கில் கிடக்கும் மேப்களிலிருந்து எனக்கு இப்போது வேண்டிய நாற்பது ஐம்பது மட்டும் வந்து நிற்கும். வேகத்துக்கு 'பிபிஎம்', வட்டம் எவ்வளவு சீக்கிரம் தோன்றி மூடுகிறது என்பதற்கு 'ஏஆர்'. இவற்றைக் கையில் பழக்கிக்கொண்டால் மறைப்பது பற்றிய கவலையில் பாதி போய்விடும்.

லேசர் வைத்திருப்பவர்களுக்கு இந்தத் தொல்லையே இல்லை. மேலே பட்டையில் எந்த மோடைத் தேர்ந்தெடுக்கிறீர்களோ, அதில் ஆட முடிகிற மேப் மட்டும்தான் பட்டியலில் வரும். கன்ட்ரோல் விசையுடன் 1, 2, 3, 4 அழுத்தினால் மோடுகளுக்கு இடையே தாவலாம்.

கேள்வி: நான் கொஞ்சம் வேறு வழியில் போனேன். மேப் கோப்பை நோட்பேடில் திறந்தேன். 'மோட்: 1' என்று ஒரு வரி இருந்தது. 1-ஐ 0 ஆக்கினால் டைக்கோ மேப் ஸ்டாண்டர்டு ஆகிவிடும், பட்டியலும் சுத்தமாகிவிடும் என்று நினைத்தேன். இப்போது ஆட்டம் திறக்கிறது, ஆனால் எல்லா வட்டமும் ஒரே இடத்தில் குவிந்து வருகின்றன. பழைய ஸ்கோரும் காணோம். என்ன நடந்தது?

இந்தக் கடிதத்தைப் படித்ததும் உங்கள் மேல் எனக்குப் பிரியம் வந்துவிட்டது. மூடிக் கிடப்பதைத் திறந்து பார்க்கும் கை இது. ஆனால் நீங்கள் தொட்டது இருப்பதிலேயே மென்மையான இடம்.

நீங்கள் பார்த்தது சரிதான். ஒவ்வொரு மேப் கோப்பின் பொதுப் பகுதியிலும் மோடு எண் இருக்கும்: 0 ஸ்டாண்டர்டு, 1 டைக்கோ, 2 கேட்ச், 3 மேனியா. ஆனால் அந்த எண் ஒரு பெயர்ப்பலகை மாதிரிதான். பலகையை மாற்றினால் வீட்டுக்குள் இருப்பது மாறாது. அதே கோப்பில் கீழே இறங்கிப் பாருங்கள். ஒவ்வொரு அடிக்கும் ஒரு வரி, வரியின் தொடக்கத்தில் இரண்டு எண்கள், அதாவது கிடைமட்ட இடமும் செங்குத்து இடமும். ஆட்டத்தளம் 512-க்கு 384 என்று கணக்கு. டைக்கோவுக்கு இடம் தேவையே இல்லை. எப்போது அடி, என்ன ஒலி, அவ்வளவுதான் அதற்கு வேண்டும். அதனால் டைக்கோ மேப்பில் பெரும்பாலும் வரிக்கு வரி 256, 192 என்றே நிற்கும். அதுதான் தளத்தின் நட்டநடு. அதை ஸ்டாண்டர்டு என்று சொல்லித் திறந்தால் வட்டம் எல்லாம் நடுவில் குவியாமல் என்ன செய்யும்?

மேனியா கோப்பு ஒன்றையும் இதே மாதிரி திறந்து பாருங்கள் (படிக்க மட்டும், சேமிக்க வேண்டாம்). நாலு விசை மேப்பில் முதல் எண் 64, 192, 320, 448 என்ற நான்கில் ஒன்றாகத்தான் இருக்கும். 512-ஐ நாலாகப் பங்கிட்டு ஒவ்வொரு பங்கின் நடுப்புள்ளி. அதாவது அங்கே 'இடம்' என்பது எந்த விசை என்று சொல்லும் குறி. வட்டத்தின் அளவைச் சொல்லும் 'சிஎஸ்' என்ற வரிகூட மேனியாவில் எத்தனை விசை என்பதைத்தான் குறிக்கும். ஒரே வகைக் கோப்பு, ஆனால் நான்கு மோடும் அதை நான்கு விதமாகப் படிக்கின்றன. எனக்கு இது இன்றைக்கும் வியப்பாக இருக்கிறது.

ஸ்கோர் காணாமல் போனதற்குக் காரணம் வேறு. கோப்பின் உள்ளடக்கத்திலிருந்து ஒரு கைரேகை மாதிரி எண்வரிசை கணக்கிட்டு, அதை வைத்துத்தான் விளையாட்டு மேப்பை அடையாளம் காண்கிறது. ஒரே ஒரு எழுத்து மாறினாலும் கைரேகை முழுக்க மாறிவிடும். உங்கள் பழைய ஸ்கோர் பழைய கைரேகையோடு கட்டப்பட்டது. புதிய கோப்பு அதற்கு அந்நியன், இணையத் தரவரிசைக்கும் அந்நியன். 0-ஐ மறுபடி 1 ஆக்கி, வேறெதையும் தொடாமல் சேமித்தால் பழையபடி வர வாய்ப்பு உண்டு. அதைவிட நிச்சயமான வழி, அந்தச் செட்டைத் திரும்பத் தரவிறக்குவது.

கேள்வி: மேனியா மோடுக்கு மாறினால் ஸ்டாண்டர்டு பாட்டுகளும் பட்டியலில் வருகின்றன. ஆடினால் வரிசை ஏனோதானோ என்று விழுகிறது. யாரோ மோசமாகச் செய்த மேப் என்று நினைத்து இதுவரை திட்டிக்கொண்டிருந்தேன்.

திட்டியதைத் திரும்பப் பெற்றுக்கொள்ளுங்கள், பாவம் அவர்கள் மேனியாவுக்கு ஒன்றுமே செய்யவில்லை. நீங்கள் ஆடியது கன்வெர்ட். ஸ்டாண்டர்டு மேப் ஒன்றை மற்ற மூன்று மோடுக்கும் விளையாட்டே தானாக மாற்றிக் கொடுக்கும். எதிர்த்திசையில் அது நடக்காது: டைக்கோ, கேட்ச், மேனியாவுக்கென்று செய்ததை அந்த மோடில் மட்டும்தான் ஆட முடியும். மேலே ஒரு வாசகர் பட்ட பாட்டைப் பார்த்தீர்களே, காரணம் அதேதான்.

மூன்று கன்வெர்ட்டும் ஒரே தரம் கிடையாது. இதைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்ல விரும்புகிறேன், ஏனென்றால் எதை மறைப்பது என்ற முடிவே இதில்தான் இருக்கிறது.

டைக்கோ கன்வெர்ட் பெரும்பாலும் நன்றாக இருக்கும். ஸ்டாண்டர்டு மேப் செய்தவர் வட்டங்களுக்கு அலங்காரமாக விசில் ஒலியோ கைத்தட்டல் ஒலியோ வைத்திருப்பார். அவையெல்லாம் நீல அடி ஆகிவிடும். ஒலி எதுவும் சேர்க்காதது சிவப்பு. ஃபினிஷ் என்ற முடிப்பு ஒலி வைத்திருந்தால் பெரிய அடி. நீளமான ஸ்லைடர்கள் (அழுத்திப் பிடித்தபடி பாதை வழியே இழுத்துப்போக வேண்டியவை) உருட்டல் அடியாகும், சில ஸ்லைடர்கள் தனித்தனி அடிகளாக உடையும். ஒலியை அக்கறையோடு வைத்தவருடைய மேப் டைக்கோவில் தானாகவே அழகாக விழும். ஒலியே வைக்காதவருடைய மேப் முழுச் சிவப்பாக ஓடும். பத்து நொடி ஆடினாலே அவர் ஒலிக்கு எவ்வளவு நேரம் செலவழித்தார் என்று தெரிந்துவிடும்.

கேட்ச் கன்வெர்ட் கிடைமட்ட இடத்தை மட்டும் எடுத்துக்கொள்ளும். வட்டம் பழம், ஸ்லைடர் சிறு துளிகளின் ஓட்டம், சுழற்ற வேண்டிய ஸ்பின்னர் வாழைப்பழ மழை. மேலும் கீழுமாகக் குதிக்கும் ஸ்டாண்டர்டு மேப் கேட்சில் நின்ற இடத்திலேயே பழம் பிடிக்க வைக்கும், பக்கவாட்டில் தாவும் மேப் பாட்டு முழுக்க அங்குமிங்கும் ஓட வைக்கும்.

மேனியா கன்வெர்ட்தான் உங்கள் தலைவலி. எத்தனை விசை என்பதையே விளையாட்டு தானாக முடிவு செய்கிறது. ஸ்லைடர், ஸ்பின்னர் எந்த விகிதத்தில் இருக்கின்றன, வட்டத்தின் அளவு என்ன, துல்லிய நிலை என்ன என்று பார்த்து 4-இலிருந்து 7-க்குள் ஓர் எண்ணைக் கொடுக்கும். ஸ்லைடர் மிகக் குறைவாக இருந்தால் 7 விசை வந்து நிற்கும். நாலு விசை மட்டும் பழகியவர் இதில் உட்கார்ந்தால் கை தடுமாறத்தான் செய்யும். விசை எண்ணிக்கையை ஆட்டத்துக்கு முன் மோட்ஸ் திரையில் (ஆட்டத்தின் விதிகளை மாற்றும் தேர்வுகள் உள்ள இடம்) கட்டாயப்படுத்தலாம். ஆனாலும் எந்தக் கட்டை எந்த வரிசையில் விழ வேண்டும் என்பதை மனிதர் யோசித்து வைத்த மேப்பின் சுகம் அதில் வராது.

ஆக, மறைக்க வேண்டியது ஸ்டாண்டர்டை இல்லை, கன்வெர்ட்டை. லேசரில் பாட்டுத் தேர்வுத் திரையில் தேடல் பெட்டியை ஒட்டியே கன்வெர்ட்டைக் காட்டும் பொத்தான் இருக்கிறது. அணைத்துவிடுங்கள். ஸ்டேபிளில் மேனியா மோடில் இருந்துகொண்டே தேடல் பெட்டியில் மோடு மேனியா என்று நான் முதலில் சொன்ன முறையில் எழுதுங்கள். அசல் மேனியா மேப் மட்டும் நிற்கும். கூடவே 'கீஸ்' சமம் 4 என்று போட்டால் நாலு விசை மட்டும்.

விளையாட்டின் தளத்தில் மேப் தேடும்போதும் இதே கவனம் வேண்டும். அங்கே மோடைத் தேர்ந்தெடுத்தால் அந்த மோடுக்கென்று செய்தவை வரும், கன்வெர்ட்டையும் சேர்க்கும் ஒரு தேர்வு தனியாக இருக்கிறது. அதைத் தெரியாமல் அமுக்கிவிட்டு "மேனியா என்று போட்டால் என்னென்னவோ வருகிறதே" என்று கேட்பவர்கள் உண்டு.

கேள்வி: நேற்று வரை 900 பாட்டு இருந்தது. இன்று திறந்தால் பதினொன்றுதான். வைரஸா?

வைரஸ் இல்லை, பதற வேண்டாம். வடிகட்டியை மாட்டிவிட்டுக் கழற்ற மறந்திருப்பீர்கள்.

முதலில் தேடல் பெட்டியைப் பாருங்கள். அதில் ஏதாவது எழுத்து ஒட்டிக்கொண்டிருந்தால் எஸ்கேப் ஒருமுறை அழுத்துங்கள். முதல் அழுத்தல் எழுத்தை அழிக்கும், இரண்டாவதுதான் திரையை விட்டு வெளியே கொண்டுபோகும். அப்புறம் எந்த மோடில் நிற்கிறீர்கள் என்று பாருங்கள். கன்ட்ரோலோடு எண் விசை கைபட்டு மாறியிருக்கலாம். கேட்ச் மோடில், கன்வெர்ட்டும் அணைந்திருந்தால், நிறையப் பேருக்குப் பட்டியல் ஏறக்குறைய காலியாகத்தான் இருக்கும். பிறகு கலெக்‌ஷன் என்ற தொகுப்புத் தேர்வு 'எல்லாம்' என்பதில் நிற்கிறதா? லேசரில் இன்னொன்றும் உண்டு: எத்தனை ஸ்டாரிலிருந்து எத்தனை ஸ்டார் வரை காட்டுவது என்ற நழுவுபட்டை. அதன் ஒரு முனை நகர்ந்திருந்தால் பாதிப் பாட்டு போய்விடும்.

ஸ்டார் பற்றிப் பேச்சு வந்ததால் ஒன்று. ஸ்டார் மோடுக்கு மோடு தனியாகக் கணக்கிடப்படுகிறது. ஒரே மேப்புக்கு ஸ்டாண்டர்டில் ஓர் எண், டைக்கோ கன்வெர்ட்டில் வேறு எண். அதனால் ஸ்டாண்டர்டில் போட்ட ஸ்டார் நிபந்தனையோடு மோடு மாறினால் பட்டியல் சுருங்குவது சகஜம். ஸ்டாண்டர்டில் 4 ஸ்டார் ஆடுகிறவர் மேனியாவிலும் 4-இல் ஆரம்பித்தால் முதல் நிமிடமே மனம் நொந்துபோகும். இரண்டுக்கும் கீழிருந்து தொடங்குங்கள்.

கேள்வி: ஒரு செட்டில் எனக்குப் பிடித்த மேப் ஒன்றுதான். மீதி ஏழும் வேண்டாம். லேசரில் கோப்புறையைத் திறந்து அவற்றை நீக்கலாம் என்றால் கோப்புகளின் பெயரே புரியவில்லை.

புரியாது. லேசர் கோப்புகளைப் பாட்டின் பெயரில் வைப்பதில்லை. நான் மேலே சொன்னது போன்ற ஒரு கைரேகை எண்வரிசையையே பெயராக வைத்துச் சேமிக்கிறது. எது எந்தப் பாட்டுக்கு உரியது என்ற கணக்கு தனித் தரவுத்தளத்தில் இருக்கிறது. அந்தக் கோப்புறைக்குள் கை வைக்காதீர்கள்.

அவசியமும் இல்லை. பட்டியலில் அந்த மேப் மேல் வலது சொடுக்கு, வரும் பட்டியலில் 'மறை'. அது மட்டும் கண்ணிலிருந்து போகும், செட் இருக்கும், ஸ்கோர் இருக்கும். மனம் மாறினால் செட்டின் மேல் வலது சொடுக்கு செய்து மறைத்தவற்றை மீட்கலாம். ஒட்டுமொத்தமாக எல்லாவற்றையும் மீட்க, அமைப்புகளில் பராமரிப்புப் பகுதியில் ஒரு பொத்தான் இருக்கிறது.

இப்போது என் கதை. ஸ்டேபிள் மட்டும் ஆடிக்கொண்டிருந்த நாட்களில் எனக்கு மேனியா என்றாலே ஆகாது. ஸ்டேபிளில் ஒவ்வொரு செட்டும் பாட்டின் பெயரிலேயே ஒரு கோப்புறை, உள்ளே ஒவ்வொரு மேப்பும் தெளிவான பெயரில் ஒரு கோப்பு. ஒரு ஞாயிற்றுக்கிழமை உட்கார்ந்து முந்நூறு சொச்சம் கோப்புறைகளை ஒவ்வொன்றாகத் திறந்து மேனியா கோப்புகளை எல்லாம் அழித்தேன். சாயங்காலம் பட்டியல் பளிச்சென்று இருந்தது, பெருமையாகவும் இருந்தது. ஒன்றரை வருடம் கழித்து ஒரு நண்பர் ஏழு விசை ஆடுவதைப் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தேன். இரண்டு கைகளும் ஏழு விரலும், நடுவில் கட்டைவிரல் இடைவெளிப் பட்டையில், பாட்டில் ஒவ்வொரு கருவியும் தனித்தனி விரலுக்கு வந்து இறங்குவது போல இருந்தது. அன்றிரவே வீட்டுக்கு வந்து ஆட உட்கார்ந்தேன். எனக்குப் பிடித்த பாட்டுகள் எல்லாம் இருக்கின்றன, அவற்றின் மேனியா மட்டும் இல்லை. திரும்பத் தரவிறக்க ஒரு வாரம் பிடித்தது, சில செட்கள் தளத்திலிருந்தே போய்விட்டிருந்தன. இன்று நான் அதிகம் ஆடுவது ஏழு விசை மேனியாதான். தேடல் பெட்டியில் ஆறேழு எழுத்துத் தட்டியிருந்தால் அந்த ஞாயிறும் மிச்சம், அந்த மேப்களும் மிச்சம்.

கேள்வி: எட்டு மேப் உள்ள செட்டில் எது எந்த மோடு என்று பெயரைப் பார்த்தே சொல்ல முடியுமா? சின்னம் மிகச் சிறியதாக இருக்கிறது, கண் வலிக்கிறது.

பெரும்பாலும் முடியும், இது ஒரு நல்ல பழக்கம். ஈஸி, நார்மல், ஹார்ட், இன்சேன் என்று வந்தால் ஸ்டாண்டர்டு. காந்தான், ஃபுட்சூ, முசுகாஷீ, ஓனி என்று ஜப்பானியப் பெயர்கள் வந்தால் டைக்கோ. இன்னர் ஓனி அதற்கும் மேல். கப், சாலட், பிளாட்டர், ரெயின், ஓவர்டோஸ் என்றால் கேட்ச். மேனியாவில் இஇசட், என்எம், எச்டி, எம்எக்ஸ் என்ற சுருக்கங்களும், முன்னால் சதுர அடைப்பில் விசை எண்ணிக்கையும் இருக்கும். செய்தவர் சொந்தமாகப் பெயர் சூட்டியிருந்தால் இந்தக் கணக்கு செல்லாது. குறிப்பாகச் செட்டின் மிகக் கடினமான மேப்புக்குப் பாட்டின் வரியையோ தோன்றியதையோ பெயராக வைப்பது வழக்கம். அப்போது சின்னத்தைத்தான் பார்க்க வேண்டும்.

கேள்வி: ஸ்டாண்டர்டில் முன்னேற வேண்டும் என்றால் மற்ற மோடுகளை முழுவதுமாக மறைத்துவிடுவது நல்லதா? "கவனம் சிதறும், எல்லாவற்றையும் மூடு" என்கிறார் எனக்குச் சொல்லித் தருபவர்.

முதல் சில மாதம் அவர் சொல்வதைக் கேளுங்கள். கை எந்த அசைவுக்கும் பழகாத நேரத்தில் தினமும் மோடு மாற்றினால் எதுவும் தங்காது. பட்டியலில் ஒரே மோடு, ஒரே ஸ்டார் வரம்பு. அதுவே நல்ல பயிற்சி அறை.

அதற்குப் பிறகும் மூடியே வைக்க வேண்டும் என்பதை நான் ஏற்க மாட்டேன். குறிப்பாக டைக்கோவை. ஒரு பாட்டில் 170 பிபிஎம், மூன்று மூன்றாகச் சேர்ந்து வரும் வட்டங்கள். ஸ்டாண்டர்டில் ஒவ்வொரு முறையும் அதே இடத்தில் எனக்குச் சங்கிலி (தவறாமல் அடித்துவரும் தொடர்) அறுந்தது. குறி தவறுகிறது என்றே நினைத்துச் சுட்டியின் வேகத்தை மாற்றினேன், மேசையின் உயரத்தை மாற்றினேன். ஒரு நாள் அதே மேப்பை டைக்கோ கன்வெர்ட்டில் திறந்தேன். அங்கே குறி வைக்க ஒன்றுமில்லை, தாளம் மட்டும்தான். அதே இடத்தில் அங்கேயும் அறுந்தது! கீழே இருக்கும் துல்லியப் பட்டையில் கோடுகள் எல்லாம் ஒரே பக்கம் ஒதுங்கி நின்றன: மூன்றில் இரண்டாவது அடியை ஒவ்வொரு தடவையும் முந்தி அடித்திருக்கிறேன். குறியில் எந்தக் கோளாறும் இல்லை, காதுதான் அவசரப்பட்டிருக்கிறது. நான்கு நாள் டைக்கோவில் அந்த ஒரு பகுதியை மட்டும் அடித்துவிட்டு ஸ்டாண்டர்டுக்குத் திரும்பினேன், சங்கிலி அறாமல் தாண்டியது.

கன்வெர்ட்டை மறைக்கச் சொன்னவனே இதைச் சொல்கிறான் என்று நினைக்க வேண்டாம். மேனியா பழகுபவருக்குக் கன்வெர்ட் இடைஞ்சல். ஸ்டாண்டர்டு ஆடுபவருக்கு டைக்கோ கன்வெர்ட் ஒரு கண்ணாடி. பொத்தான் ஒன்றுதான், எப்போது அழுத்துவது என்பது உங்கள் கையின் தேவையைப் பொறுத்தது. உங்களுக்குச் சொல்லித் தருபவரிடம் ஒரு மேப்பை மட்டும் டைக்கோவில் சேர்ந்து ஆடிப் பார்க்கலாமா என்று கேளுங்கள், மறுக்க மாட்டார்.

கேள்வி: நானே மேப் செய்கிறேன். ஸ்டாண்டர்டு செட்டில் ஒரு டைக்கோ மேப்பும் சேர்க்கலாம் என்று ஆசை. "பட்டியலை நிரப்பாதே" என்று சண்டைக்கு வருகிறார்கள்.

சேருங்கள். டைக்கோ ஆடுபவருக்கு அது கன்வெர்ட்டைவிட ஆயிரம் மடங்கு மேல். வேண்டாதவர் மறைத்துக்கொள்ளும் வழி எல்லாம்தான் இந்தப் பக்கத்திலேயே இருக்கிறதே. ஒரே வேண்டுகோள்: பெயரைப் பார்த்தவுடன் மோடு தெரியும்படி வையுங்கள்.

கேள்வி: இது ஓசு! பற்றியது இல்லை. என் மகளுக்கு 14 வயது, பீட் சேபர் (பாட்டின் தாளத்துக்கு வாளால் கட்டைகளை வெட்டும் விளையாட்டு) ஆடுகிறாள். ஒரு கையில் கட்டு போட்டிருப்பதால் ஒற்றை வாள் மோடு மட்டும் வேண்டும். ஒவ்வொரு பாட்டாகத் திறந்து பார்த்துச் சலித்துப்போகிறாள்.

முதலில் மகளின் கை சீக்கிரம் குணமாகட்டும். எந்த அசைவு வரை பரவாயில்லை என்று மருத்துவரிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள் அம்மா, ஒற்றைக் கை ஆட்டத்திலும் உடல் முழுக்க அசையும்.

பீட் சேபரில் எல்லாப் பாட்டுக்கும் எல்லா மோடும் கிடையாது. பாட்டைத் தேர்ந்தெடுத்தால் கடினநிலைகளுக்கு மேலே சின்னச் சின்னச் சின்னங்களாக அந்தப் பாட்டுக்கு இருக்கும் மோடுகள் வரும். ஒவ்வொன்றாகத் திறக்க வேண்டாம். பாட்டுப் பட்டியலின் வடிகட்டியைத் திறந்து, கடினநிலைக்குப் பக்கத்தில் இருக்கும் ஆட்டவகைத் தேர்வில் ஒற்றை வாளைக் குறியுங்கள். அது உள்ள பாட்டுகள் மட்டும் நிற்கும். வலது கையில்தான் கட்டு என்றால் ஆட்டக்காரர் அமைப்பில் இடக்கை என்பதையும் போட்டுவிடுங்கள், எல்லாம் கண்ணாடியில் பார்ப்பது போலத் திரும்பிக்கொள்ளும். இடது கையில்தான் கட்டு என்றால் எதையும் மாற்ற வேண்டாம், ஒற்றை வாள் இயல்பாகவே வலது கைக்குத்தான் வரும்.

கட்டுப் பிரித்ததும் வடிகட்டியை எடுத்துவிட நினைவுபடுத்துங்கள். இல்லாவிட்டால் "பாட்டெல்லாம் எங்கே போயிற்று" என்று அடுத்த கடிதம் அவளிடமிருந்து வரும்.